‘ப்ராசஸ் ஃபிலிம்’: தமிழில் என்ன சொல்வது?

> பயணப்படம், செய்திச்சுருள் இரண்டுக்கும் சொல் அமைந்துவிட்டது. ஊர்த் தொழில்களைக் காட்டும் பழைய மௌனப்படங்களான ‘ப்ராசஸ் ஃபிலிம்’களுக்குச் ‘செய்முறைப்படம்’ போதாதா?

போதாது ஐயா. செய்முறை என்றால் பள்ளி ஆய்வகமும் சமையல் குறிப்பும்தான் நினைவுக்கு வரும். நிலக்கரி வெட்டக் கற்றுக்கொள்ள யாரும் கொட்டகைக்குப் போகவில்லை.

1910இல் கினெட்டோ நிறுவனம் இங்கிலாந்தின் விகனில் எடுத்த ‘எ டே இன் த லைஃப் ஆஃப் எ கோல் மைனர்’ படத்தையே எடுத்துக்கொள்வோம். சுரங்கத்தில் வெட்டிய கரி மேலே வருகிறது. தலையில் துணி கட்டிய பெண்கள் அதைத் தரம் பிரிக்கிறார்கள். ரயில் பெட்டியில் ஏறுகிறது. கடைசியில் வசதியான ஒரு வீட்டின் கணப்பில் எரிகிறது. படத்தை இழுத்துக்கொண்டு போவது கரிதான். என் பரிந்துரை: ஆக்கமுறைப்படம்.

இதற்கு நேர்மாறு, 1900இல் ஒளிப்பதிவாளர் காப்ரியேல் வேர், பிரான்சின் லூமியேர் நிறுவனத்துக்காக இந்தோசீனாவின் நாமோ கிராமத்தில் எடுத்தது. பல்லக்கில் கேமரா பின்வாங்கிப் போகிறது, பிள்ளைகள் துரத்தி ஓடிவருகிறார்கள். அங்கே ஊர்தான் காட்சி. அதை ‘இடப்படம்’ எனலாம்.

காப்பகத்தில் படங்களுக்கு அட்டவணை போடும்போது இந்தப் பிரிவு கைகொடுக்கும். எளிதில் தீப்பற்றும் பழைய நைட்ரேட் சுருள்களில் சிலவற்றில் இடைத்தலைப்பு (காட்சிகளுக்கு நடுவே வரும் எழுத்து) ஓரிரு பிரேம்தான் இருக்கும். ஓட்டினால் மின்னி மறையும். படச்சுருளின் ஒட்டு விட்டுப்போய்த் துண்டுகள் மாறிச் சேர்ந்திருந்தால், ஆக்கமுறைப்படத்தில் பொருள் எந்த நிலையில் இருக்கிறது என்று பார்த்தே வரிசைப்படுத்தலாம். இடப்படத்தில் அந்தப் பிடிமானம் கிடைக்காது.

படம் ஓட வேண்டிய வேகத்தையும் மறக்காமல் குறிக்க வேண்டும். 35 மி.மீ. படத்தில் அடிக்கு 16 பிரேம். 1000 அடிச் சுருள் நொடிக்கு 16 பிரேம் வேகத்தில் 16 நிமிடம் 40 நொடி ஓடும். 16இல் எடுத்ததை 24இல் ஓட்டினால் 11 நிமிடம் சொச்சம். நெசவைக் காட்டும் படமென்றால் நெசவாளியின் கை ஒன்றரை மடங்கு வேகமாகப் பறக்கும்; அவர் அப்படித்தான் நெய்தார் என்று பார்ப்பவர் நம்பிவிடுவார். ஆக்கமுறையைக் காட்டும் படத்துக்கு இதைவிடப் பெரிய கேடில்லை.

> ‘தொழிற்படம்’ இன்னும் சுருக்கமாயிற்றே?

அதில் ஆலை விளம்பரமும் வேலைநிறுத்தச் செய்தியும் சேர்ந்துகொள்ளும்.

> கரியை வெட்டத்தானே செய்கிறார்கள்? ஆக்கவில்லையே. மீன்பிடியும் அப்படித்தான்.

நல்ல கேள்வி. ‘சோறாக்குதல்’ என்கிறோம். அரிசியை நாம் படைப்பதில்லை. உண்ணத் தக்கதாக மாற்றுகிறோம். கரி கணப்புக்கும் மீன் டின்னுக்கும் வந்து சேர்வதும் அதே ஆக்கல்தான்.