பிடைம்ஸ்: 'சீக்கிரம்' மட்டும்தானா, 'சில சமயம்' என்று எழுதினால் தப்பா?

மழைக்காகிதம்
ஆங்கிலத்தில் ஒரு கட்டுரை எழுதிக் கொடுத்தேன். அதில் 'ஐ பிடைம்ஸ் வொண்டர்' (I betimes wonder) என்று ஒரு வாக்கியம், சில சமயம் எனக்கே யோசனை வரும் என்ற பொருளில். பிழை பார்த்தவர் அதை அடித்துவிட்டு 'சம்டைம்ஸ்' என்று மாற்றியிருக்கிறார். மாற்றியது கூடப் பரவாயில்லை, ஓரத்தில் "இந்தச் சொல்லுக்கு இந்த அர்த்தமே கிடையாது, சீக்கிரம் என்றுதான் அர்த்தம்" என்று ஒரு குறிப்பு வேறு. அகராதி பார்த்துவிட்டுத்தான் எழுதினேன். யார் பக்கம் நியாயம்?

பழம்பக்கம்
பிழை பார்த்தவர் பக்கம்தான், இதில் யோசிக்க ஒன்றுமில்லை. 'பிடைம்ஸ்' என்றால் நேரத்தோடு, காலாகாலத்தில், விடியற்காலையில். சில இடங்களில் விரைவில் என்றும் வரும். அவ்வளவுதான்.

ஆங்கிலேயரான சாமுவேல் பீப்ஸ் 1660 முதல் 1669 வரை எழுதிய நாட்குறிப்பைத் திறந்து பாருங்கள், பல நாட்களின் பதிவு 'அப் பிடைம்ஸ்' என்றுதான் தொடங்கும். மனிதர் காலையில் சீக்கிரமே எழுந்தார் என்று அர்த்தம். உங்கள் அர்த்தத்தைப் போட்டால் "சில சமயம் எழுந்தேன்" என்றாகும், மற்ற நாளெல்லாம் படுக்கையிலேயே கிடந்தாரா? ஷேக்ஸ்பியரின் பன்னிரண்டாம் இரவு நாடகத்தில் சர் டோபி குடித்துவிட்டு ஒரு வாதம் வைப்பான்: நள்ளிரவு தாண்டியும் படுக்காமல் இருப்பதும் 'அப் பிடைம்ஸ்' கணக்குதான் என்று. ராத்திரி தூங்காதவனும் அதிகாலையில் விழித்திருப்பவன்தானே என்பது அவன் கோணல் கணக்கு. சீக்கிரம் என்ற பொருள் இல்லாவிட்டால் அந்த நகைச்சுவையே கிடையாது.

கடைசியில் இருக்கும் 'ஸ்' பன்மை இல்லை, இதுவும் முக்கியம். ஆங்கிலத்தில் பழைய ஆறாம் வேற்றுமை உருபு ஒன்று வினையடைகளின் வாலில் ஒட்டிக்கொண்டு தப்பிப் பிழைத்திருக்கிறது. 'நவடேஸ்', 'ஆல்வேஸ்', 'அனவேர்ஸ்', 'ஒன்ஸ்', எல்லாவற்றிலும் அதே வால்தான். அதைப் பன்மை என்று நினைத்து "பல நேரங்களில், சில நேரங்களில்" என்று பொருள் கொண்டதுதான் எல்லாக் குழப்பத்துக்கும் காரணம்.

குறுக்கெழுத்தர்
பீப்ஸ் எழுதியதை யாரும் மறுக்கவில்லை. நீங்கள் நிரூபித்தது 'சீக்கிரம்' என்ற பொருள் இருக்கிறது என்பதை. மழைக்காகிதம் கேட்டது மற்றது இருக்கிறதா என்று. ஒன்று இருப்பதால் இன்னொன்று இல்லாமல் போய்விடாது.

மெரியம் வெப்ஸ்டர் அகராதியில் மூன்று பொருள் போட்டிருக்கிறார்கள். முதலாவது நேரத்தோடு, இரண்டாவது விரைவில் (இதற்குப் பழைய வழக்கு என்ற குறிப்பு உண்டு), மூன்றாவது அவ்வப்போது. அயர்லாந்துக்காரர்களின் ஆங்கிலத்தில் இந்த மூன்றாவதுதான் சாதாரணமாகப் புழங்குவது. அங்கே ஒருவர் 'பிடைம்ஸ்' என்றால் விடியற்காலையைச் சொல்கிறார் என்று யாரும் நினைக்க மாட்டார்கள். ஒரு நாட்டு மக்கள் பேசும் பொருளை "கிடையாது" என்று ஓரக்குறிப்பில் எழுத எவ்வளவு தைரியம் வேண்டும்!

இன்னொன்று. இது விநோதமான தடம்புரளல் என்று நினைப்பவர்கள் நம் வாயில் வருவதைக் கொஞ்சம் கவனியுங்கள். "சமயத்தில் வந்து காப்பாற்றினான்", இது சரியான நேரத்தில். "சமயத்தில் அவன் அப்படித்தான் பேசுவான்", இது சில வேளைகளில். ஒரே சொல், ஒரே உருபு, பன்மை வால் கூட இல்லை, இரண்டு பொருளும் ஒரே வீட்டில் குடியிருக்கின்றன. நாம் என்றைக்காவது தடுமாறியிருக்கிறோமா? நேரத்தைக் குறிக்கும் சொல்லோடு 'இல்' போன்ற உருபு சேர்ந்தால் "உரிய நேரத்தில்" என்றும் போகும், "நேரம் வரும்போதெல்லாம்" என்றும் போகும். வழி இரண்டும் திறந்தேதான் இருக்கிறது. எந்த மொழிக்காரன் எதில் நடந்தான் என்பதுதான் வித்தியாசம்.

தூக்கம்வராதவன்
எனக்கு ஒரு சந்தேகம். இந்தச் சொல்லை இன்றைக்கு எதற்கு எழுத வேண்டும்? 'சம்டைம்ஸ்' என்று எழுதினால் என்ன குறைந்துவிடும்?

குறுக்கெழுத்தர்
அப்படிப் பார்த்தால் பாதி அகராதியைப் பழைய பேப்பர்காரரிடம் போட்டுவிடலாம்.

பழம்பக்கம்
தூக்கம்வராதவன் கேட்டதில் விஷயம் இருக்கிறது, தட்டிக்கழிக்காதீர்கள்.

சமயத்தில் என்ற உதாரணம் நன்றாகத்தான் இருக்கிறது, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் அது தினமும் நூறு தடவை காதில் விழும் சொல். இரண்டு பொருளும் எல்லோருக்கும் பழக்கம், அதனால் வினையைக் கேட்டதுமே எது என்று பிடித்துக்கொள்கிறோம். பிடைம்ஸ் அப்படியா? அதைத் தெரிந்து வைத்திருப்பவன் பெரும்பாலும் பழைய புத்தகம் படித்தவன், அவன் மனதில் இருப்பது அதிகாலை. பழைய புத்தகம் படிக்காதவனுக்கு அந்தச் சொல்லே தெரியாது. அப்படியானால் நீங்கள் மூன்றாவது பொருளில் எழுதுவது யாருக்காக? ஐரிஷ் வாசகருக்காக என்றால் சரி, எழுதுங்கள். மழைக்காகிதத்தின் கட்டுரை அங்கே போகிறதா?

விளைவு என்ன என்பதற்கு ஒரு உதாரணம். 1611ல் வந்த கிங் ஜேம்ஸ் விவிலியத்தில் நீதிமொழிகள் 13:24. பிரம்பை எடுக்காதவன் மகனைப் பகைக்கிறான், அன்புள்ளவனோ அவனை 'பிடைம்ஸ்' தண்டிக்கிறான். இதை அவ்வப்போது என்று படித்தால் வாரத்துக்கு ஒரு முறை மகனுக்கு உதை விழ வேண்டும் என்பது போல ஆகிவிடும்! சொல்ல வந்தது அதுவல்ல, சிறு வயதிலேயே, காலம் தாழ்த்தாமல் திருத்து என்பது. எபிரேய மூலத்தில் உள்ள வினைக்கு விடியலைக் குறிக்கும் சொல்லோடு உறவு சொல்வார்கள், அதனால்தான் அந்த மொழிபெயர்ப்பாளர்கள் பிடைம்ஸைத் தேர்ந்தெடுத்திருக்கிறார்கள். (பிரம்பு பற்றிய என் கருத்து வேறு, அதற்குத் தனி இழை திறந்துகொள்ளுங்கள்.)

மழைக்காகிதம்
நம் பழைய தமிழ் விவிலியத்தில் அந்த இடத்தில் "ஏற்கனவே தண்டிக்கிறான்" என்று இருக்கும். சின்ன வயதில் படித்தபோது, எப்போதோ தண்டித்து முடித்துவிட்டான் போலிருக்கிறது என்று நினைத்துக்கொள்வேன். முன்கூட்டியே என்ற பொருளில் போட்டிருக்கிறார்கள். இன்று ஏற்கனவே என்றால் காதில் வேறு பொருள் விழுகிறது.

குறுக்கெழுத்தர்
பார்த்தீர்களா, பழம்பக்கம், உங்கள் உதாரணம் எனக்குத்தான் சாட்சி சொல்கிறது. பொருள் நகர்ந்துகொண்டேதான் இருக்கும். அதுவும் நேரம் பற்றிய சொற்கள் ஒரு இடத்தில் நின்றதே இல்லை. 'சூன்' என்பதன் பழைய ஆங்கில மூலத்துக்கு உடனே என்று பொருள், இன்று சீக்கிரத்தில். 'பிரசென்ட்லி' ஷேக்ஸ்பியர் காலத்தில் இந்த நிமிடமே, அப்புறம் சற்று நேரத்தில் என்றானது. உடனே என்று பொருள்பட்ட 'அனான்' கதை இன்னும் தமாஷ். ஷேக்ஸ்பியரின் நான்காம் ஹென்றி நாடகத்தின் முதல் பாகத்தில் பிரான்சிஸ் என்ற மதுக்கடைப் பையன் எந்தப் பக்கம் கூப்பிட்டாலும் "அனான், அனான், சார்" என்று கத்திக்கொண்டே நிற்பான், நகரமாட்டான். நாம் "இதோ வந்துட்டேன்" என்று சொல்லிவிட்டு இடத்தைவிட்டு அசையாமல் இருப்பதில்லையா, அதுதான். உடனே என்று சொல்லிச் சொல்லித் தாமதித்தால் சொல்லுக்கும் தாமதம் என்றே பொருள் வந்துவிடும்.

அதே கிங் ஜேம்ஸில் மாற்கு 6:25 பாருங்கள். யோவான் ஸ்நானகனின் தலை 'பை அண்ட் பை' வேண்டும் என்கிறாள், அரசன் ஏரோதின் முன் நடனமாடிய பெண். அன்றைக்கு இப்பொழுதே என்று அர்த்தம். இன்றைய ஆங்கிலத்தில் படித்தால் "அவசரமில்லை, மெதுவாகக் கொடுங்கள்" என்கிறாள். அதற்காக இன்று அப்படிப் பேசுபவர் எல்லோரும் தப்பாகப் பேசுகிறார்கள் என்பீர்களா?

பழம்பக்கம்
இல்லை. ஆனால் நீங்கள் அடுக்கியவை எல்லாம் ஒரே சரிவில் இறங்கியவை, உடனே என்பதிலிருந்து அப்புறம் என்பதற்கு. மனித சோம்பலை வைத்து விளக்கிவிடலாம். பிடைம்ஸ் அந்தச் சரிவில் வரவில்லை. சீக்கிரம் என்பதிலிருந்து எப்போதாவது என்பதற்குச் சறுக்கிப் போக முடியாது, தாவத்தான் வேண்டும். உருவத்தைப் பார்த்து ஏமாந்த தாவல். அதைத்தான் பிழை என்கிறேன்.

குறுக்கெழுத்தர்
ஏமாந்தது என்று எப்படித் தெரியும்? பக்கத்து மொழிகளைப் பாருங்கள். ஜெர்மனில் 'பைட்சைட்டன்' என்றால் நேரத்தோடு. கிட்டத்தட்ட இதே சொல்தான், இதே உறுப்புகள்: முன்னே ஓர் இடைச்சொல், பின்னே நேரம் என்ற சொல். 'ட்சுட்சைட்டன்' என்றால் சில வேளைகளில். முன்னே ஒட்டும் இடைச்சொல் மாறினால் போதும், பொருள் மாறிவிடுகிறது. டச்சில் அந்த வித்தியாசம் கூட இல்லை: 'பைடைட்ஸ்' என்றால் உரிய நேரத்தில், 'பை டைடன்' என்றால் சில சமயம். அதே இடைச்சொல், அதே நேரம். அங்கே யாரும் ஏமாந்துவிட்டதாக யாரும் சொல்வதில்லை. ஆங்கிலத்தில் மட்டும் அது அறியாமை ஆகிவிடுமா?

பழம்பக்கம்
டச்சு உதாரணம் எனக்கே உதவுகிறது. பாருங்கள், அங்கே இரண்டு பொருளுக்கு இரண்டு உருவம் வைத்திருக்கிறார்கள். ஒன்றில் பழைய வால், மற்றதில் நிஜப் பன்மை. ஆங்கிலத்தில் இரண்டுக்கும் ஒரே வால் என்பதால்தான் சிக்கல்.

தூக்கம்வராதவன்
டச்சு வரைக்கும் போயாச்சு. மழைக்காகிதத்தின் வாக்கியம் என்ன ஆச்சு?

மழைக்காகிதம்
நானே ஒரு சோதனை யோசித்தேன். பழைய உதாரணங்களில் அது வினைக்குப் பின்னால், எழு, வா, போ மாதிரியான வினைகளோடு வருகிறது. என் வாக்கியத்தில் வினைக்கு முன்னால், 'ஆஃபன்', 'சம்டைம்ஸ்' உட்காரும் இடத்தில் இருக்கிறது. கூடவே வினையும் யோசிப்பது. "நான் அதிகாலையில் யோசிக்கிறேன்" என்று யார் படிப்பார்கள்? இடமே பொருளைச் சொல்லிவிடுகிறதே.

பழம்பக்கம்
இடத்தை நம்பாதீர்கள். ஷேக்ஸ்பியரின் மக்பெத், மூன்றாம் அங்கம், விருந்து குலைந்த பிறகு. நாளைக்கே, 'பிடைம்ஸ் ஐ வில்', அந்தச் சூனியக்காரிகளிடம் போகிறேன் என்கிறான். வினைக்கு முன்னால்தான் இருக்கிறது. பொருள் விடிந்ததும், அல்லது தாமதமில்லாமல். எப்போதாவது போகிறேன் என்று அந்த நிலைமையில் அவன் சொல்வானா?

குறுக்கெழுத்தர்
அது கவிதை வரி, சொற்களை எப்படி வேண்டுமானாலும் திருப்பிப் போடலாம். அது போக, பக்கத்திலேயே நாளைக்கு என்று ஒரு நாள் குறிக்கப்பட்டிருக்கிறது, ஒரே ஒரு முறை நடக்கும் செயல். அதில் அவ்வப்போது என்ற பொருள் நுழைய வழியே இல்லை. என்னைக் கேட்டால் பார்க்க வேண்டியது இடம் இல்லை, செயல் ஒருமுறை நடப்பதா, வழக்கமாக நடப்பதா என்பதுதான். நம் 'சமயத்தில்' என்ற சொல்லும் அப்படித்தான் வேலை செய்கிறது: காப்பாற்றினான் என்றால் ஒரு முறை, பேசுவான் என்றால் வழக்கம்.

பழம்பக்கம்
"சமயத்தில் உதவுவான்" என்றால்?

குறுக்கெழுத்தர்
…சரி, அது இரண்டு பக்கமும் போகும்.

பழம்பக்கம்
பீப்ஸ் எழுந்ததும் வழக்கமாக நடந்ததுதான். "ஹி ரோஸ் பிடைம்ஸ்" என்று வாழ்க்கை வரலாற்றில் ஒரு வாக்கியம் இருந்தால் உங்கள் விதிப்படி எப்படிப் படிப்பது? நம் பேச்சில் 'சமயத்தில் உதவுவான்' என்று சொன்னால் குரலிலோ அடுத்த வாக்கியத்திலோ தெளிந்துவிடும். அச்சில் ஒற்றை வாக்கியமாக நிற்கும் ஒரு அபூர்வச் சொல்லுக்கு அந்த வசதி கிடையாது. அந்த அர்த்தம் உலகத்தில் இல்லை என்பது என் வாதம் இல்லை, அகராதியில் இருப்பதை நானும் பார்த்தேன். உங்கள் வாசகனுக்கு அது போய்ச் சேராது என்கிறேன்.

குறுக்கெழுத்தர்
முதல் பதிவில் "அவ்வளவுதான்" என்று முடித்தது யார்? போகட்டும். எழுத்தாளர் சூழலைக் கட்டிக் கொடுத்தால் போய்ச் சேரும். முன்பின் நான்கு வாக்கியம் அவ்வப்போது என்ற திசையிலேயே போகுமானால் வாசகன் தடுக்கி விழ மாட்டான். அபூர்வச் சொல்லைத் தனியாக நிறுத்தினால்தான் ஆபத்து. குறுக்கெழுத்துக் கட்டத்தில் 'சீக்கிரம், ஏழு எழுத்து' என்று வந்தால் நானும் கண்ணை மூடிக்கொண்டு இதைத்தான் நிரப்புவேன், அங்கே சூழல் என்று ஒன்றும் கிடையாது.

மழைக்காகிதம்
என் கட்டுரையில் அடுத்த வாக்கியமே "காலையில் எழுந்ததும்" என்றுதான் தொடங்குகிறது.

தூக்கம்வராதவன்
போச்சு.

குறுக்கெழுத்தர்
அதை முதலிலேயே சொல்லக் கூடாதா! அப்படியானால் 'சம்டைம்ஸ்' இருந்துவிட்டுப் போகட்டும். குறிப்பை மட்டும் விடாதீர்கள், "இந்த அர்த்தமே கிடையாது" என்பது பொய்.

பழம்பக்கம்
"இந்த இடத்தில் மயங்கும்" என்று திருத்தி எழுதச் சொல்லுங்கள், அதற்கு நானும் கையெழுத்துப் போடுகிறேன்.

மழைக்காகிதம்
வாக்கியத்தை அவர் மாற்றியபடியே விட்டுவிட்டு, குறிப்புக்குக் கீழே மெரியம் வெப்ஸ்டரின் மூன்றாவது பொருளை எழுதி அனுப்பியிருக்கிறேன். பதில் வந்தால் போடுகிறேன்.