அரை ஆயுளை டிவியில் எப்படிக் காட்டுவது?

வணக்கம். மதுரையில் ஒரு உள்ளூர் கேபிள் சேனலுக்காக வாரம் 5 நிமிட அறிவியல் பகுதி தயாரிக்கிறேன். இந்த வாரம் கீழடி. 353 செ.மீ. ஆழத்தில் கிடைத்த கரித்துண்டு கி.மு. 580ஐச் சேர்ந்தது என்று எப்படிக் கண்டுபிடித்தார்கள் என்பதுதான் விஷயம். கரியில் இருக்கும், தானாகவே மெல்லச் சிதைகிற கார்பன் 14இன் அரை ஆயுளில், அதாவது அதில் பாதி சிதைய ஆகும் காலத்தை விளக்குவதில், நிற்கிறேன்.

முதலில் தோசையைப் பாதி பாதியாக வெட்டிக் காட்டினேன். செல்லூரில் பக்கத்து வீட்டு அக்காக்களுக்குப் போட்டுக் காட்டியபோது, "5,730 வருஷத்தில் பாதி போச்சுன்னா, அடுத்த 5,730இல் மீதியும் போயிரும்ல?" என்றார்கள். நியாயமான கேள்வி. போவது மீதியில் பாதிதான் என்பது தோசையில் பதியவில்லை. யார் வெட்டுகிறார்கள் என்றும் கேட்டார்கள். அணுக்கள் தாமாகவே சிதைகின்றன, எது எப்போது என்று சொல்ல முடியாது என்பதுதானே இதன் உயிரே!

அப்புறம் 100 ஒரு ரூபாய் நாணயங்களைக் குலுக்கிப் போட்டு, தலை விழுந்ததை எடுத்துவிட்டு, மிச்சத்தை மறுபடி குலுக்கினேன். நேரில் பார்த்த அம்மாவுக்கு உடனே புரிந்தது. ஆனால் செல்போன் கேமராவில் தலையா பூவா தெரியவில்லை, எண்ணவே நேரம் போய்விடுகிறது. வரைபடம் போட்டால் ரிமோட்டைத் தேடுகிறார்கள். கீழடிக் கரியில் கார்பன் 14 இன்னும் சுமார் 73 சதவீதம் மிச்சம் என்பதையும் சொல்ல வேண்டும்.

வியாழக்கிழமை படப்பிடிப்பு. 5 நிமிடத்தில் அரை ஆயுளுக்கு ஒரு நிமிடம்தான்.

நாணயத்துக்குப் பதிலாக, குலுக்கிப் போட்டதும் இரண்டு பக்கமும் தூரத்திலிருந்தே பளிச்சென்று வேறுபட்டுத் தெரிகிற வீட்டுப் பொருள் எது?