49 மீட்டரில் சமர்த்து, 31 மீட்டரில் ஊளை: ரீஜெனரேட்டிவ் ரிசீவருக்கு வழி சொல்லுங்களேன்

வணக்கம் நண்பர்களே. ஒற்றை எம்பிஎஃப்102 டிரான்சிஸ்டர் வைத்து ரீஜெனரேட்டிவ் சிற்றலை ரிசீவர் (பெருக்கிய சிக்னலில் கொஞ்சத்தைத் திரும்ப உள்ளே ஊட்டி மேலும் பெருக்கும் ரேடியோ) கட்டியிருக்கிறேன். ஆடியோவுக்கு எல்எம்386 ஆம்ப்ளிஃபையர் ஐசி. காயில் மாத்திரை டப்பாவில் சுற்றியது: டியூனிங்குக்கு 12 சுற்று, டிக்லருக்கு (சிக்னலைத் திரும்ப ஊட்டும் சின்னக் காயில்) 4.

6 மெகாஹெர்ட்ஸ் பக்கம், அதாவது 49 மீட்டரில், அருமை. ரீஜெனரேஷன் குமிழை மெல்லத் திருப்பினால் 'உஸ்ஸ்' என்று இரைச்சல் ஏறி, நிலையம் பளிச்சென்று மேலே வரும். அந்த ஒரு நொடிக்காகத்தானே இத்தனை பாடும்! ஆனால் நிலையம் மாற்றும் கேங் கண்டன்சரைத் திறந்து 9.5 மெகாஹெர்ட்ஸுக்கு (31 மீட்டர்) போனால் அந்த மென்மை போய்விடுகிறது. 'டப்'பென்று ஆசிலேஷனில் (ரிசீவர் தானே அலை எழுப்புவது) விழுந்து கீச்சிடுகிறது. அதை நிறுத்த, குமிழை வெகுதூரம் பின்னால் கொண்டுவர வேண்டியிருக்கிறது. போதாததற்கு, கையை எடுத்தாலே நிலையம் நகர்ந்துவிடுகிறது.

புது 9 வோல்ட் பேட்டரி போட்டுப் பார்த்தேன், மாற்றமில்லை. கண்டன்சரின் ரோட்டர் (சுழலும் தகடுகள்) கிரவுண்டில்தான் இருக்கிறது. ஆன்டெனாவை 10 பிகோஃபாரட் கண்டன்சர் வழியாகக் கொடுத்த பிறகு கொஞ்சம் பரவாயில்லை.

டிக்லரில் ஒரு சுற்றைக் குறைப்பதா, இல்லை மெயின் காயிலிலிருந்து தள்ளி வைப்பதா? குறைத்தால் 49 மீட்டரில் ரீஜெனரேஷனே எடுக்காமல் போய்விடுமோ என்று பயம். முன்பக்கம் இப்போது வெறும் அட்டைதான் (சிரிக்காதீர்கள்). அலுமினியத் தகடு போட்டு கிரவுண்ட் செய்தால் கை வைக்கும்போது நகர்வது நிற்குமா? கட்டிப் பார்த்தவர்கள் சொன்னால், இன்று இரவே சால்டரிங் அயர்னைச் சூடாக்கிவிடுவேன்.