கிளார்க் தெரு ஹாட் டாக் கடை: அப்பாவைக் கூட்டிப்போகலாமா?

புதுக்குடி
சிகாகோவுக்கு வந்து நாலு மாதம் ஆகிறது. அடுத்த வாரம் ஊரிலிருந்து அப்பாவும் தம்பியும் வருகிறார்கள். லிங்கன் பார்க் பகுதியில் இருக்கும், ராத்திரியில் வாடிக்கையாளர்களைத் திட்டுவதற்கே பேர்போன வீனர்ஸ் சர்க்கிள் ஹாட் டாக் (சாசேஜ் வைத்த பன்) கடையின் வீடியோக்களைப் பார்த்துவிட்டு, நடுராத்திரி அங்கே போய்த் திட்டு வாங்கியே தீரவேண்டும் என்று தம்பி ஒற்றைக்காலில் நிற்கிறான். அப்பா தலைமை ஆசிரியராக இருந்து ஓய்வுபெற்றவர். வயதானவர் என்று அவரை மட்டும் விட்டுவிடுவார்களா?

ராத்திரி சவாரி
பதினோரு வருடம் இந்த ஊரில் இரவு டாக்ஸி ஓட்டினேன். சனிக்கிழமை பார் மூடும் நேரத்தில் அந்த வாசலில் எத்தனை பேரை இறக்கிவிட்டிருப்பேன் என்று கணக்கே இல்லை. அதனால் சொல்கிறேன், அப்பாவைப் பகலில் கூட்டிப்போங்கள். பகலில் அது சாதாரண ஹாட் டாக் கடை. திட்டெல்லாம் நள்ளிரவுக்கு அப்புறம்தான்.

கடை 1983இல் தொடங்கியது. உரிமையாளர்களில் ஒருவர், போதையில் என்ன வேண்டுமென்று சொல்லாமல் நின்ற ஆளை ஒரு கெட்ட வார்த்தை சொல்லிக் கூப்பிட, அதிலிருந்து வழக்கமாகிவிட்டது என்பார்கள். வரிசை நகரவேண்டும், அதுதான் விஷயம். என்ன வேண்டும் என்று முடிவுசெய்துகொண்டு போங்கள். கவுன்ட்டரில் நின்று யோசித்தால் உங்கள் சட்டை, தலைமுடி, பரம்பரை எல்லாம் வெளியே வரும். தம்பி பதிலுக்குப் பேசலாம், அதில் தப்பில்லை.

ஆனால் ஒரு எல்லை உண்டு. கவுன்ட்டரில் நிற்பவர்கள் பெரும்பாலும் கறுப்பினப் பெண்கள், எதிரே பெரும்பாலும் குடித்த வெள்ளைக்காரப் பிள்ளைகள். விளையாட்டு எப்போது இனவெறியாக மாறுகிறது என்பதை 2007இல் ஒரு தொலைக்காட்சித் தொடரே படம்பிடித்துக் காட்டியது. நானும் பார்த்திருக்கிறேன். சிரித்துக்கொண்டே திட்டிய பெண், ஒருவன் அவள் நிறத்தைச் சொல்லிக் கத்தியதும் ஒரு நொடி இடுக்கியைக் கீழே வைத்தாள். முகத்தில் சிரிப்பு இல்லை. பிறகு இடுக்கியை எடுத்து அடுத்த ஆர்டரைக் கேட்டாள். எனக்கு அன்று ராத்திரி முழுக்க மனசே சரியில்லை.

இன்னொன்று. ‘சாக்லேட் ஷேக்’ கேள் என்று யாராவது தம்பியை ஏற்றிவிடுவார்கள். அது மில்க்‌ஷேக் அல்ல, கவுன்ட்டரில் நிற்கும் பெண்ணைச் சட்டையைத் தூக்கிக் காட்டச் சொல்லும் சங்கேதம். கண்டிப்பாகக் கேட்கக் கூடாது.

கசகசா பன்
சாப்பாட்டைப் பற்றி யாருமே சொல்லவில்லையே! ‘சார் டாக்’ வாங்குங்கள். சாசேஜின் முனைகளைக் கீறி நெருப்பில் வாட்டுவதால் இரண்டு பக்கமும் பூ மாதிரி விரிந்து கருகி மொறுமொறுவென்று இருக்கும். கசகசா தூவிய பன், கடுகு சாஸ், வெங்காயம், பளிச்சென்ற பச்சை ரெலிஷ் (பொடியாக நறுக்கிய இனிப்பு ஊறுகாய்), தக்காளி, ஊறுகாய் வெள்ளரி, காரத்துக்குக் குட்டி மிளகாய், மேலே செலரி உப்பு. கெட்சப் மட்டும் கேட்காதீர்கள், இந்த ஊரில் அது ஆகாது. மாட்டிறைச்சி என்பதை அப்பாவிடம் முதலிலேயே சொல்லிவிடுங்கள். அவருக்கு ஆகாதென்றால் சீஸ் ஊற்றிய உருளைக்கிழங்கு வறுவல், அதுதான் செடார் ஃப்ரைஸ், இருக்கிறது.

புதுக்குடி
ரொம்ப நன்றி அண்ணா. அப்பாவிடம் ஃபோனில் எல்லாம் சொன்னேன். “பகலில் ஃப்ரைஸ் சாப்பிடுகிறேன், ராத்திரி வெளியே நின்று வேடிக்கை பார்க்கிறேன்” என்கிறார். காரில்தான் போகவேண்டுமா?

ராத்திரி சவாரி
வேண்டாம். பார்க்கிங் தேடியே அலுத்துவிடும். கிளார்க்கில் 22ஆம் எண் பஸ் விடிய விடிய ஓடும். டிப்ஸுக்கு ஒரு டாலர் நோட்டாகக் கொஞ்சம் மாற்றி வைத்துக்கொள்ளுங்கள், தாராளமாகப் போடுங்கள்.