ஏலக்காய் ஸ்டோரின் பழைய கேமராக்களை நெட்வொர்க்கில் சேர்த்த அனுபவம்

வண்டன்மேட்டில் ஏலக்காய் உலர்த்தும் ஸ்டோர் ஒன்றில் ஓடிக்கொண்டிருந்த அனலாக் கேமராக்களைப் (நெட்வொர்க்கில் நேராகச் சேராத பழைய வகை) போடிநாயக்கனூர் அலுவலகத்திலிருந்தே பார்க்க வேண்டும் என்று அதன் முதலாளி கேட்டார். எல்லாவற்றையும் கழற்றிவிட்டு ஐ.பி. கேமரா (ஈதர்நெட் கேபிளில் நெட்வொர்க்கோடு நேராக இணைவது) மாட்டத்தான் மற்றவர்கள் விலை சொல்லியிருந்தார்கள். ஆனால் பழைய கேமராக்களின் ஆர்.ஜி. 59 கோஆக்சியல் கேபிள் (நடுக்கம்பியைச் சுற்றி உலோக வலை கொண்டது) பழுதில்லாமல் இருந்ததாலும், கடைசிக் கேமரா 150 மீட்டருக்கு அப்பால் இருந்ததாலும் (ஈதர்நெட் கேபிளுக்கு 100 மீட்டர்தான் எல்லை), அனலாக் படத்தை நெட்வொர்க்குக்கு ஏற்ற டிஜிட்டலாக மாற்றும் நான்கு சேனல் வீடியோ என்கோடர் ஒன்றை வைக்கலாம் என்றேன்.

கேபிளின் பி.என்.சி. முனைகளைச் செருகி, பி.ஏ.எல். என்ற வீடியோ முறையைத் தேர்ந்து, ஆன்விஃப் (வெவ்வேறு நிறுவனக் கருவிகளை இணைக்கும் பொது நெறிமுறை) வழியாக என்.வி.ஆரில் (நெட்வொர்க் வீடியோ பதிவுக் கருவி) சேர்ப்பது எளிய வேலைதான். நான்கு கேமராக்களுக்கும் என்கோடரின் ஒரே ஐ.பி. முகவரி என்பதால் சேனல் எண்ணை மட்டும் மாற்றிக் கொடுக்க வேண்டும்.

தலைவலி வேறிடத்தில் இருந்தது. உலர்த்தும் அறைக் கேமராவில் மட்டும் அகலமான கறுப்புப் பட்டை ஒன்று கீழிருந்து மேலாக மெல்ல நகர்ந்துகொண்டே இருந்தது; புளோயர் ஓடத் தொடங்கினால் அது இன்னும் அடர்ந்தது. அடாப்டரை மாற்றியும் போகவில்லை. கேமராவை இரும்புத் தூணிலிருந்து கழற்றிக் கையில் பிடித்ததும் பட்டை மறைந்துவிட்டது. தூணுக்கு ஓர் எர்த்தும் அலுவலக ரேக்குக்கு வேறோர் எர்த்தும் இருந்ததால், இரண்டுக்கும் இடையிலான மின்னழுத்த வேறுபாடு கேபிளின் வெளிவலை வழியாக மின்னோட்டத்தைச் செலுத்திக்கொண்டிருந்தது. கேமராவின் தாங்கிக்கும் தூணுக்கும் நடுவே ரப்பர் தகடும், திருகுகளுக்குப் பிளாஸ்டிக் உறையும் கொடுத்தபின் படம் தெளிந்தது. எர்த்தைத் துண்டித்துவிடுவது சிலருடைய வழக்கம்; மலையோர இடியில் அது ஆபத்து.

போடிக்கு வி.பி.என். (இணையத்தின் ஊடே செல்லும் மறையாக்கப்பட்ட தனிவழி) வழியாகத்தான் இணைத்தேன். வெளியிலிருந்து யாரும் நேராக அணுகும்படி ரௌட்டரில் போர்ட்டைத் திறந்து வைப்பதில் எனக்கு உடன்பாடில்லை.

இந்தப் பதிவுக்குப் புளியரையிலிருந்து (தமிழக–கேரள எல்லையோர ஊர்) ஓர் உறுப்பினரின் பதில்:

ஐயா, எங்கள் எடைமேடையிலும் என்கோடரே வைத்தோம். ஆனால் அனலாக் கேமராவின் 704×576 புள்ளிப் படம் எந்தக் கருவி வழியாக வந்தாலும் அதே அளவுதான் என்பதால், கேரளத்துக்குப் போகும் லாரிகளின் எண் பலகையை இரவில் படிக்க இயலவில்லை. அந்த ஓர் இடத்தில் மட்டும் ஐ.பி. கேமரா மாட்டினோம். பழைய கோஆக்சியல் கேபிளின் இரு முனையிலும் ஈதர்நெட் மாற்றிக் கருவி (கோஆக்சியலில் ஈதர்நெட் தரவை அனுப்புவது) வைத்ததால் புதிய கேபிள் இழுக்க நேரவில்லை. மற்ற கேமராக்கள் இன்றும் என்கோடரில்தான் ஓடுகின்றன.