சினிமா ஆர்ட் டைரக்டர் த்ரோனேர் போட்ட செட்டை நிஜம் என்று நம்பியவர்கள் இருக்கிறீர்களா?

கால்வாய்க்கரை:
ஒரு வருஷமாக உறுத்துகிறது, கொட்டிவிடுகிறேன். பாரிஸ், கே த ஜெமாப், 102ஆம் எண். கால்வாய்க்கரையில் நிற்கும் அந்த ஹோட்டலின் பெயரிலேயே வந்த பிரெஞ்சுப் படம் 'ஓத்தெல் து நோர்' பார்த்தவர்களுக்கு மேலே சொல்ல வேண்டாம். தூறலில் அந்த இரும்புப் பாலத்தடியில் காதலர்கள் உட்கார்ந்த பெஞ்சைத் தேடிக்கொண்டிருந்தேன். நாயோடு வந்த ஒரு பெரியவர் என்ன தேடுகிறாய் என்றார். அரைகுறைப் பிரெஞ்சில் சொன்னேன். சிரித்துவிட்டார். "அவர்கள் இங்கே உட்காரவே இல்லையே! பியாங்கூர் ஸ்டுடியோவில் அல்லவா உட்கார்ந்தார்கள்?" ஹோட்டல், பாலம், கால்வாய், எல்லாமே 1938இல் அலெக்சாந்தர் த்ரோனேர் போட்ட செட்டாம். எதிரே நின்ற நிஜ ஹோட்டலைப் பார்த்தேன். அதுதான் போலி மாதிரி தெரிந்தது.

கடைசிமேசை:
இதில் ஏமாற என்ன இருக்கிறது? நம்ப வைப்பதற்குத்தானே ஆர்ட் டைரக்டருக்குச் சம்பளம். எனக்கும் ஒன்று நடந்தது. த்ரோனேர் செட் போட்ட 'தி அபார்ட்மென்ட்' என்ற ஹாலிவுட் படத்தில் அந்த முடிவில்லாத ஆபீசைப் பார்த்துவிட்டு, இத்தனை பெரிய கூடம் எங்கே கிடைத்தது என்று பக்கத்து சீட்காரரைக் கேட்டேன். "பின்னால் போகப்போக மேசையைச் சின்னதாக்கியிருக்கிறார், ஆளையும் சின்னதாக்கியிருக்கிறார்" என்றார். கடைசியில் இருந்தவை வெறும் அட்டை உருவங்கள். அதற்குத்தான் ஆஸ்கார். அன்றிலிருந்து எந்தப் படம் பார்த்தாலும் கண் நடிகரை விட்டுவிட்டுக் கடைசி வரிசைக்குப் போய்விடுகிறது. பெரிய தொல்லை.

பழையரீல்:
@கடைசிமேசை, ஹாலிவுட்டை விடுங்கள். அவர் ஆள் யார் என்று தெரிய வேண்டுமானால் 'லே ஸான்ஃபான் து பாரதி' என்ற பிரெஞ்சுப் படத்தின் டைட்டில் கார்டைப் பாருங்கள். நான் பெரிய திரையில் பார்த்தபோது, செட்டுக்கு த்ரோனேர், இசைக்கு கோஸ்மா, இருவரும் "தலைமறைவாக ஒத்துழைத்தார்கள்" என்று எழுத்து ஓடியது. பின்னால் இருந்த ஒரு பாட்டி மட்டும் கை தட்டினார். என் கதை அவ்வளவுதான்.

ஆனால் ஒன்று சொல்லியே ஆக வேண்டும். இருவரும் ஹங்கேரியில் பிறந்த யூதர்கள். ஜெர்மன் ஆக்கிரமிப்புக் காலத்தில் பெயர் வெளியே வந்தால் ஆபத்து. த்ரோனேர் ஒளிந்திருந்து வரைந்தார். நீஸ் நகரின் விக்டோரீன் ஸ்டுடியோவில் படத்தில் வரும் தெருவை நிற்க வைத்தவர் லியோன் பார்சாக். அந்த மனிதரை ஒருவரும் சொல்லவில்லையே? செட் என்றாலே ஒரே பெயரைச் சொல்லும் பழக்கத்தை முதலில் விடுங்கள்.

அப்புறம் @கால்வாய்க்கரை, பெஞ்ச் தேடுவதை நிறுத்துங்கள். பாரிசில் தமிழ்க் கடைகள் இருக்கும் லா ஷப்பெலில் கறிவேப்பிலை வாங்கப் போவீர்கள் அல்லவா, அங்கிருந்து மெத்ரோவில் அடுத்த ஸ்டேஷன் பார்பேஸ். இறங்கி, தூண்களை நன்றாகப் பாருங்கள். பிறகு வீட்டுக்குப் போய் 1946இல் வந்த 'லே போர்த் த லா நுயி'யைப் போடுங்கள். அந்த ஸ்டேஷனையே த்ரோனேர் ஸ்டுடியோவில் கட்டினார். போர் முடிந்து ஊரே பற்றாக்குறையில் கிடந்த நேரம். இவ்வளவு செலவா என்று திட்டு வாங்கினார்கள். எனக்கு அந்தத் திட்டு நியாயமாகவே படுகிறது. ஆனால் படத்தை நிறுத்திப் பார்க்காதீர்கள், ஓடவிட்டே பாருங்கள்.

கூழாங்கல்:
யாரும் கேட்காத அறிவுரை நீளமாக இருக்கிறது, சரி. நார்மண்டியில் ஓமோன்வில் லா பெத்தித் போயிருந்தோம். கவிஞர் பிரேவேரின் கல்லறையைச் சுற்றி ஆட்கள். அதே கல்லறைத் தோட்டத்தில்தான், 1993இல் இறந்த த்ரோனேரும். அங்கே ஒருவரும் இல்லை. இவர் யார் என்றாள் மகள். ஏழு வயது. தெருவெல்லாம் கட்டுவார், படம் முடிந்ததும் பிரித்துவிடுவார்கள் என்றேன்.

"அப்போ அவர் கட்டினது ஒண்ணுகூட இல்லையாப்பா?"

பதில் வரவில்லை. ஒரு கூழாங்கல்லை வைத்துவிட்டுக் காருக்கு ஓடிவிட்டாள்.

கால்வாய்க்கரை:
@பழையரீல், கறிவேப்பிலை வாங்கப் போகும்போது பார்பேசில் இறங்குகிறேன், போதுமா? @கூழாங்கல், மகளிடம் அந்த ஹோட்டலைப் பற்றிச் சொல்லுங்கள். 1989இல் அதன் முகப்பைப் பாதுகாக்கப்பட்ட சின்னமாக அறிவித்துவிட்டார்கள், இப்போது உள்ளே சாப்பாடு போடுகிறார்கள். அவர் கட்டியது போய்விட்டது, எதைப் பார்த்து அவர் கட்டினாரோ, அது நிற்கிறது.