டான், சான், சின் மூன்றும் ஒன்றா? சீனப் பெயர்களைக் கையாளுபவர்களின் அனுபவப் பகிர்வு

இழையைத் தொடங்கியவர்

பள்ளி, மருந்தகம், டிக்கெட் ஏஜென்சி, மொழிபெயர்ப்பு என்று ஏதாவது ஒரு வேலையில் தினமும் சீனப் பெயர்களைத் தொட்டுக்கொண்டிருப்பவர்கள் இங்கே எழுதலாம். "என் கூட வேலை பார்ப்பவர் பெயர் லிம், அதற்கு என்ன அர்த்தம்?" என்று ஒற்றை வரியில் கேட்பதைத் தவிருங்கள். எந்த எழுத்து, எந்தக் கிளைமொழி என்று தெரியாமல் அதற்கு யாராலும் பதில் சொல்ல முடியாது. ஏன் முடியாது என்பதைச் சொல்லத்தான் இந்த இழை.

டிக்கெட் கவுண்டர், கிள்ளான்

முதலில் பாரம் (படிவம்) நிரப்பும் விஷயம். மலேசிய ஐ.சி.யில் (அடையாள அட்டையில்) முழுப்பெயர் ஒரே வரியாக இருக்கும். குடும்பப் பெயருக்கென்று தனிக் கட்டம் கிடையாது. விமான நிறுவனத்தின் இணையப் பாரமோ இரண்டு கட்டத்தைக் காட்டி நிரப்பச் சொல்லும். நம் ஆட்களை 'ஏ/எல்' (இன்னாரின் மகன் என்ற குறி) படுத்துகிற பாட்டைச் சீனர்களை இந்த இரண்டு கட்டம் படுத்தும்.

உதாரணத்துக்கு 'டான் வெய் மிங்' என்று வைத்துக்கொள்வோம். டான் குடும்பப் பெயர், அது முன்னால் வரும். வெய் மிங் இரண்டும் சேர்ந்துதான் சொந்தப் பெயர். 'வெய்'யை முதல் பெயராகவும் 'மிங்'கை நடுப்பெயராகவும் பிரித்துப் போட்டால், நடுப்பெயரைச் சேமிக்காத சிஸ்டம் மிங்கை விழுங்கிவிடும். டிக்கெட்டில் 'வெய் டான்', கடப்பிதழில் 'டான் வெய் மிங்' என்றால் செக்-இன் கவுண்டரில் நிறுத்திவிடுவார்கள். சொந்தப் பெயர்க் கட்டத்தில் இரண்டு சொல்லையும் சேர்த்தே போடுங்கள்.

நான்கு சொல் வந்தால் இன்னும் நிதானமாகப் பாருங்கள். 'ஜேசன் டான் வெய் மிங்' என்றாலும் 'டான் வெய் மிங் ஜேசன்' என்றாலும் குடும்பப் பெயர் டான்தான். ஆனால் 'அவ் யோங் மெய் லிங்' என்றால் 'அவ் யோங்' முழுவதும் குடும்பப் பெயர். மாண்டரினில் அது ஓவ்யாங். ஸ்ஸூமா, ஸ்ஸூத்து (இங்கே 'செத்தோ'), ஷாங்குவான் எல்லாம் அதே ஜாதி, ஈரெழுத்துக் குடும்பப் பெயர்கள்.

வயதானவர்களின் ஐ.சி.யில் 'ஆ' என்று ஒரு சொல் இருக்கும். பேச்சில் அது வெறும் செல்ல முன்னொட்டு. பதிவில் ஏறிவிட்டால் சட்டப்படி அது பெயரின் பகுதி, நாமாக வெட்டிவிடக் கூடாது.

மாண்டரின் ஆசிரியர், சிங்கப்பூர்

இழையின் தலைப்புக்கு வருகிறேன். ஆமாம், மூன்றும் ஒன்றுதான். சீன எழுத்து ஒன்றே, வாய்தான் வேறு. பொதுச் சீனமான மாண்டரினில் 'சென்'. கிளைமொழிகளில் ஹொக்கியன், தியோச்சியூ பேசுபவர்களுக்கு 'டான்', காண்டனீஸில் 'சான்', ஹக்காவில் 'சின்'. சிங்கப்பூரின் முன்னாள் அதிபர் டோனி டானுக்கும், பிறப்புப் பெயரில் நடிகர் ஜாக்கி சானுக்கும் சீனத்தில் ஒரே எழுத்துதான். பிரிட்டிஷ் காலத்துக் குமாஸ்தா காதில் விழுந்ததை ஆங்கிலத்தில் எழுதினார். அந்த எழுத்துக்கூட்டல் பரம்பரைச் சொத்தாகிவிட்டது.

இது சுலபமான கேஸ். சிக்கலானது ஹுவாங், வாங், வூ மூன்றும். ஹுவாங் என்றால் மஞ்சள். காண்டனீஸில் அது 'வோங்', தியோச்சியூவில் 'இங்' (என், ஜி என்ற இரண்டே எழுத்து, உயிரெழுத்தே கிடையாது), ஹொக்கியனில் 'இங்', 'ஊய்' அல்லது 'வீ'. வாங் என்றால் அரசன். காண்டனீஸில் அதுவும் 'வோங்', ஹொக்கியனில் 'ஓங்', தியோச்சியூவில் 'ஹெங்'. வூ என்பது பழைய நாடு ஒன்றின் பெயர். ஹொக்கியனில் 'கோ', காண்டனீஸில் மறுபடியும் 'இங்'.

ஆகவே வோங் என்றால் மஞ்சளாகவும் இருக்கலாம், அரசனாகவும் இருக்கலாம். இங் என்றால் மஞ்சளாகவும் இருக்கலாம், வூ நாடாகவும் இருக்கலாம். சிங்கப்பூர் அரசியலிலேயே பாருங்கள்: பிரதமர் லாரன்ஸ் வோங்கும் முன்னாள் தற்காப்பு அமைச்சர் இங் எங் ஹென்னும் ஒரே ஹுவாங். அமைச்சர் ஓங் யீ காங்கின் குடும்பப் பெயர் வாங். முன்னாள் பிரதமர் கோ சொக் டோங்கினுடையது வூ. ஆங்கில எழுத்தை வைத்து "இவர் அவருக்குச் சொந்தமா?" என்று ஊகிப்பது வீண்.

'யோ', 'யோங்', 'யாங்' மூன்றும் பெரும்பாலும் ஒன்றே. நடிகை மிஷல் யோவின் 'யோ' ஹொக்கியன் வடிவம், 'யோங்' ஹக்கா வடிவம்.

மருந்தகப் பதிவு, ஈப்போ

எந்த எழுத்து என்று வாயால் எப்படிக் கேட்பது? சீனர்களே தங்களுக்குள் செய்வதைச் செய்யுங்கள். அவர்கள் எழுத்தைப் பிரித்துச் சொல்வார்கள். ஜாங் என்று இரண்டு குடும்பப் பெயர் உண்டு, ஒலி அட்சரம் பிசகாமல் ஒன்று. "வில்–நீளம் ஜாங்" (கொங் ச்சாங்) என்றால் ஊரெல்லாம் இருக்கிற ஜாங். "நில்–காலை ஜாங்" (லீ ட்சாவ்) என்றால் அரிதான மற்றது. "மரம்–பிள்ளை" லீ, "காது–கிழக்கு" சென், "இரட்டை மரம்" லின், "வாய்–வானம்" வூ, "மூன்று கோடு" வாங், "புல் தலை" ஹுவாங். இந்த எட்டைக் காதில் வாங்கிப் பழகினால் வரிசையில் நிற்பவர்களில் பாதிப் பேரைச் சமாளிக்கலாம்.

பெரியவர்களிடம் கேட்கும்போது "அங்கிள், என்ன லீ?" என்றாலே போதும், அவரே பிரித்துச் சொல்லிவிடுவார். இதைக் கேட்பதில் அவர்களுக்கு மனத்தாங்கல் ஏதும் இல்லை.

வரலாறு படித்தவர், பினாங்கு

மூலம் பற்றி யாரும் இன்னும் எழுதவில்லை, கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

பண்டைச் சீனத்தில் குடும்பப் பெயர் இரண்டு அடுக்கு. 'சிங்' என்பது குலப்பெயர். அந்த எழுத்திலேயே பெண், பிறப்பு என்ற இரண்டு உறுப்பு உண்டு. ஜீ, ஜியாங், யாவ், யிங் போன்ற மிகப் பழைய குலப்பெயர்களிலும் பெண் உறுப்பைக் காணலாம். தாய்வழிச் சமூகத்தின் மிச்சம் என்று பலர் சொல்வார்கள். 'ஷீ' என்பது கிளைப்பெயர், ஆண்ட நிலம், வகித்த பதவி இவற்றால் வந்தது. ஹான் காலத்துக்குள் இரண்டும் ஒன்றாகிவிட்டன.

இன்றைய பெயர்களில் பெரும்பங்கு கிளைப்பெயர் வழி வந்தவை. சென், சொங், ஜெங், வூ, ஜாவ், ட்சாய் எல்லாம் அழிந்துபோன நாடுகள். நாடு போனபின் அதன் மக்கள் நாட்டின் பெயரையே சூடிக்கொண்டார்கள். ஸ்ஸூமா குதிரைப்படை அதிகாரி. ஷீ என்று ஒலிக்கும் ஒரு குடும்பப் பெயர் வரலாற்றெழுத்தரின் பதவி. தாவ் குயவர், தூ கசாப்புக்காரர். ஓவ்யாங் ஓவ்யூ மலையின் தெற்குச் சரிவு ('யாங்' என்றால் வெயில் படும் பக்கம்).

ஆணையால் மாறியவையும் நிறைய. 496இல் வட வெய் பேரரசர் சியாவ்வென் தன் சியன்பெய் இனத்தாரைச் சீனப் பெயருக்கு மாறச் சொன்னார். அரச குலமான தூபாவே யுவான் ஆயிற்று. 1912இல் சிங் வம்சம் கவிழ்ந்ததும், மஞ்சு அரச குலமான ஐசின் ஜியோரோவில் பலர் ஜின் என்று மாறினார்கள். ஐசின் என்றாலும் ஜின் என்றாலும் தங்கம்தான்.

பினாங்குக்காரர்களுக்கு ஒன்று. கூ கொங்சி (கூ வம்சத்தாரின் குல மாளிகை) தெரியாதவர் இல்லை. அந்தக் 'கூ' மாண்டரினில் 'ச்சியூ'. பழைய எழுத்து வெறும் குன்று. கன்பூசியஸின் சொந்தப் பெயரும் அதே எழுத்து. பெரியவர் பெயரைப் புழங்கக் கூடாது என்று 1725இல் யொங்ஜெங் பேரரசர் ஆணையிட்டதால், குடும்பப் பெயரின் வலப்பக்கத்தில் 'காது' உறுப்பு சேர்ந்தது. பேரரசு போனபின் சில கிளைகள் காதைக் கழற்றிவிட்டன, சில வைத்துக்கொண்டன. ஆகையால் ஒரே வம்சத்தில் இரண்டு எழுத்தைக் கண்டால் கல்தச்சரின் பிழை என்று எடுத்துக்கொள்ள வேண்டாம்.

நமக்கு நேரடித் தொடர்புள்ளவரும் ஒருவர் உண்டு. இலங்கையின் காலி நகரில் கிடைத்த 1409ஆம் ஆண்டுக் கல்வெட்டில் சீனம், பாரசீகத்தோடு தமிழும் இருக்கிறதல்லவா? அதை நிறுத்திய கடற்படைத் தலைவர் ஜெங் ஹே. பிறப்பால் அவர் மா, சீன முஸ்லிம்களிடம் மிகுதியாக உள்ள பெயர். 'ஜெங்' யொங்லெ பேரரசர் அளித்தது.

ஒரே குடும்பப் பெயர் என்றால் பங்காளி முறை, பெண் கொடுத்து எடுப்பதில்லை. ஊர் வேறானாலும், மூதாதையர் வேறானாலும் விடமாட்டார்கள். சட்டத்தில் இன்று தடை இல்லை. பழைய வீடுகளில் முணுமுணுப்பு இருக்கிறது.

டிக்கெட் கவுண்டர், கிள்ளான்

நல்ல தகவல். கல்யாணமான பெண்கள் பெயர் மாற்றுவார்களா? பலர் கேட்கிறார்கள்.

மாண்டரின் ஆசிரியர், சிங்கப்பூர்

மாற்றுவதில்லை. பிள்ளைகளுக்குப் பெரும்பாலும் அப்பாவின் குடும்பப் பெயர், அம்மாவுக்கு அவர் பிறந்த வீட்டுப் பெயரே. ஆகவே பாரத்தில் தாய்க்கும் பிள்ளைக்கும் பெயர் ஒத்துப்போகவில்லை என்று திருப்பி அனுப்பாதீர்கள். ஆங்கிலத்தில் மட்டும் கணவர் பெயரைப் போடுபவர்கள் உண்டு. சிங்கப்பூர் அமைச்சர் ஜோசஃபின் தியோவைச் சீனப் பத்திரிகைகள் யாங் லீமிங் என்றே எழுதும். தியோ கணவர் பெயர். ஹாங்காங்கில் இரண்டையும் அடுக்குவார்கள்: முன்னாள் தலைமை நிர்வாகி கேரி லாமின் முழுப்பெயர் லாம் செங் யூட்-ஙோ, லாம் கணவருடையது, செங் அவருடையது.

கல்லறை எழுத்து வாசிப்பவர், மலாக்கா

தலைமுறை எழுத்தைப் பற்றி. பல வம்சங்களில் ஒரு செய்யுள் இருக்கும். ஒவ்வொரு தலைமுறைக்கும் அதில் வரிசைப்படி ஓர் எழுத்து, அந்தத் தலைமுறையின் ஆண்பிள்ளைகள் எல்லாருக்கும் அது பொது. சிங்கப்பூரின் முன்னாள் பிரதமர் லீ சியன் லூங், அவர் தம்பி லீ சியன் யாங் இருவருக்கும் 'சியன்' பொது. சகோதரி லீ வெய் லிங்குக்கு அது இல்லை, பெண்களைச் சேர்க்காத வீடுகள் அதிகம். மாவ் ஸெடொங்கின் (நாம் மாவோ என்பவரின்) தம்பிகள் ஸெமின், ஸெடான்.

கன்பூசியஸ் வம்சம்தான் இதன் உச்சம். 75ஆம் தலைமுறைக்கு 'சியாங்', 76க்கு 'லிங்', 77க்கு 'தெ', 78க்கு 'வெய்', 79க்கு 'ச்சுய்'. சீனக் குடியரசின் நிதியமைச்சராக இருந்த கொங் சியாங்சீ 75, தைவானுக்குப் போன கொங் தெச்செங் 77. பெயரைக் கேட்டதும் யார் யாருக்குத் தாத்தா முறை என்று சொல்லிவிடலாம். வயதில் சின்னவர் முறையில் பெரியவராக இருப்பதும் சகஜம்.

கல்லறையில் தேடுபவர்களுக்கு: கல்லின் மேலே குறுக்காகப் பெரிதாக இருப்பது பெரும்பாலும் பூர்வீக ஊர். அதைப் பெயர் என்று வாசித்துவிடுகிறார்கள். பெயர் நடு வரிசையில் மேலிருந்து கீழ். அப்பாவுக்கு 'சியன் காவ்', அம்மாவுக்கு 'சியன் பீ' என்று தொடங்கும். ஆணின் குடும்பப் பெயரோடு 'கொங்', பெண்ணுக்கு 'ஷீ' சேரும். இதுவெல்லாம் மரியாதைச் சொல், பெயரில் சேர்க்காதீர்கள். நடு வரிசை எழுத்துகளைப் பிறப்பு, முதுமை, நோய், சாவு, துன்பம் என்று ஐந்தைந்தாகச் சுழற்றி எண்ணுவார்கள். கடைசி எழுத்து பிறப்பிலோ முதுமையிலோ முடிய வேண்டும், அதாவது 6, 7, 11, 12 எழுத்து. கணக்கு இடறினால் ஒரு மரியாதைச் சொல்லைக் கூட்டியோ குறைத்தோ சரிக்கட்டுவார்கள். ஒரே குடும்பத்தின் இரண்டு கல்லில் வாசகம் வேறுபடுவது பலமுறை இதனால்தான்.

பெயர் பார்க்கும் கடையில் உதவியாளர், கோலாலம்பூர்

குழந்தைக்குப் பெயர் வைப்பதில் முதல் விதி: தாத்தா பாட்டி பெயரில் உள்ள எழுத்தைத் தொடாதே. நம் வீட்டில் அது மரியாதை, அவர்கள் வீட்டில் அவமரியாதை.

பிறகு ஜாதகம். பிறந்த ஆண்டு, மாதம், நாள், நேரம் ஒவ்வொன்றுக்கும் இரண்டு எழுத்து, மொத்தம் எட்டு. அதில் மரம், நெருப்பு, மண், உலோகம், நீர் ஐந்தில் எது குறைவோ அதைப் பெயரில் ஈடுகட்டுவார்கள். மூன்று உலோகத்தை அடுக்கிய 'சின்', மூன்று மரத்தின் 'சென்' எல்லாம் அப்படி வருபவை. அடுத்து கோட்டெண்ணிக்கை. இங்கேதான் வீட்டில் கணக்குப் போடுகிறவர்கள் சறுக்குகிறார்கள்: எண்ண வேண்டியது மரபு எழுத்தின் கோடுகளை, சுருக்க எழுத்தின் கோடுகளை அல்ல. பக்கவாட்டில் மூன்று கோடாக எழுதும் நீர் உறுப்பை 4 என்றும், புல் தலையை 6 என்றும் எண்ண வேண்டும்.

இவ்வளவும் பார்த்துவிட்டு உரக்கச் சொல்லிப் பார்க்காமல் விடுவார்கள். என்னைக் கேட்டால் முதலில் செய்ய வேண்டியதே அதுதான். வூ குடும்பம் 'தெ' (நற்குணம்) என்று வைத்தால், காதில் விழுவது 'நற்குணம் இல்லாதவன்'. 'இல்லை' என்பதும் வூதான். 'தூ ஸித்தெங்' எழுத்தில் கௌரவமாக இருக்கும், சொன்னால் 'வயிற்றுவலி'. பள்ளிக்கூடத்தில் பிள்ளையை ஓட்டி எடுத்துவிடுவார்கள்.

மொழிபெயர்ப்பாளர், சென்னை

சீனாவிலிருந்து வரும் ஆவணங்களில் அடிக்கடி மாட்டுவது இரண்டு. ஒன்று, 'லூ'வும் 'லுயூ'வும். உதட்டைக் குவித்துச் சொல்லும் அந்த 'யூ'வுக்கு ஆங்கிலத்தில் இரண்டு புள்ளி வைத்த எழுத்து வேண்டும். கணினியில் அது எளிதில் வராததால் 'எல்-வி' என்று தட்டுவார்கள். 2012 முதல் 'எல்-ஒய்-யு' என்பதே அங்கே தரம். ஆகவே பழைய பட்டத்தில் 'எல்-யு', பழைய கடப்பிதழில் 'எல்-வி', புதியதில் 'எல்-ஒய்-யு' என்று ஒரே ஆள் மூன்று பேராகத் தெரிவார். கடப்பிதழில் பழைய எழுத்துக்கூட்டலைக் குறித்துத் தருகிறார்கள். மொழிபெயர்க்கும் முன் அந்தக் குறிப்பைக் கேட்டு வாங்குங்கள்.

இரண்டு, பால். ஆங்கில எழுத்தில் உள்ள 'லீ வெய்'யை ஆண் என்றோ பெண் என்றோ தீர்மானிக்க வழியில்லை. எழுத்து தெரிந்தால் ஓரளவு சொல்லலாம். காலமும் தெரியும்: 'ஜியன்குவோ' (நாட்டை நிறுவு) 1949ஐ ஒட்டிப் பிறந்தவர், 'யுவான்ச்சாவ்' (கொரியாவுக்கு உதவு) 1950களின் தொடக்கம். 'ஜாவ்டீ' என்றால் 'தம்பியைக் கூப்பிடு', ஆண்பிள்ளை வேண்டி மகளுக்கு வைத்தது. அர்த்தத்தை ஆவணத்தில் எழுதிவைக்காதீர்கள், அவருக்குச் சங்கடம்.

ஆள் அடையாளத்துக்குப் பெயர் மட்டும் போதவே போதாது. ஜாங் வெய் என்ற பெயரில் மட்டும் சீனாவில் 3 லட்சத்தை ஒட்டி ஆட்கள் இருக்கிறார்கள். பிறந்த தேதி, சீன எழுத்து இரண்டையும் கேளுங்கள்.

வரலாறு படித்தவர், பினாங்கு

இந்தோனேசியச் சொந்தங்களைத் தேடுகிறவர்களுக்கு மட்டும் ஒன்று சேர்க்கிறேன். 1966க்குப் பின் அங்கே சீனர்கள் உள்ளூர்ப் பெயருக்கு மாற நேர்ந்தது. பலர் பழைய அசையைப் புதுப் பெயருக்குள் ஒளித்தார்கள்: லிம் சலீம் அல்லது ஹலீம் ஆனது, டான் தனோத்தோ அல்லது சுதாந்தோ ஆனது. தொழிலதிபர் சுதோனோ சலீம் முன்பு லிம் சியூ லியோங். அதற்கும் முந்தைய ஆவணங்கள் டச்சு எழுத்துக்கூட்டலில் இருக்கும். அதில் 'ஓ-இ' என்று சேர்ந்து வந்தால் 'உ', 'டி-ஜே' என்று வந்தால் 'ச'. இந்த இரண்டையும் மாற்றிப் படித்தால் 'டி-ஜே-ஓ-ஏ' நம்ம ஊர் சுவாவாகவும், 'ஓ-இ-ஐ' ஊயாகவும் தெரியவரும்.